கண்ணைக் கணினியே பார்த்துவிட்டால், மகளுக்கு வேலை இருக்குமா?

கேள்வி: மகள் பிளஸ் டூ, கணிதம்-உயிரியல் குரூப். பி.ஆப்டோம்தான் (கண் பரிசோதனை சார்ந்த ஆப்டோமெட்ரி பட்டப்படிப்பு) படிப்பேன் என்று பிடிவாதம் பிடிக்கிறாள். விழித்திரையைப் படம் எடுத்தாலே ஏஐ நோயைச் சொல்லிவிடுகிறதாமே! பேசாமல் இன்ஜினீயரிங்கில் ‘ஏஐ அண்ட் டேட்டா சயின்ஸ்’ எடு என்கிறேன். சரிதானே?

பதில்: சார், நீங்கள் கேள்விப்பட்டது உண்மைதான். சர்க்கரை நோயால் விழித்திரையில் வரும் பாதிப்பைக் கண் மருத்துவர்களுக்கு ஈடாக மென்பொருள் கண்டுபிடிக்கிறது என்று கூகுள் ஆய்வாளர்கள் 2016-லேயே காட்டிவிட்டார்கள். அந்த ஆய்வுக்குப் படங்கள் தந்த மருத்துவமனைகளில் நம் அரவிந்தும் சங்கர நேத்ராலயாவும் உண்டு.

அதற்குப் பிறகு நடந்ததைத்தான் யாரும் சொல்வதில்லை. அந்த வகை மென்பொருளைத் தாய்லாந்தின் சிறு கிளினிக்குகளில் கொண்டுபோய் வைத்தார்கள். ‘தெளிவு போதாது’ என்று ஐந்தில் ஒரு படத்துக்கு மேல் அது தள்ளிவிட்டது. அறையைச் சரியாக இருட்டாக்க வசதியில்லை, இணையமும் மெதுவு. படம் தேறாதவர்களைப் பெரிய மருத்துவமனைக்கு அனுப்பச் சொன்னது. அதற்கு இன்னொரு நாள் கூலியை விட வேண்டும். இதையெல்லாம் சமாளித்தது அங்கிருந்த நர்சுகள்.

அதே 2016-ல், எக்ஸ்ரே, ஸ்கேன் படங்களைப் பார்த்து நோய் சொல்லும் ரேடியாலஜிஸ்ட்டுகளை உருவாக்குவதை இப்போதே நிறுத்திவிடலாம் என்றார் ஏஐ முன்னோடி ஜெஃப்ரி ஹிண்டன். சாதாரண ஆள் இல்லை, பின்னால் நோபல் வாங்கியவர். ஸ்கேன் ரிப்போர்ட் எழுத இன்றைக்கும் டாக்டர்களைத் தேடிக்கொண்டுதான் இருக்கிறார்கள்.

இதற்காக ஆப்டோமெட்ரியில் ஒரு பயமும் வேண்டாம் என்று சொல்ல மாட்டேன். கண் பவரைத் தானாகவே அளக்கும் ஆட்டோரிஃப்ராக்டரில் முகத்தை வைக்கச் சொல்லி, வந்த நம்பரைச் சீட்டில் எழுதுவதோடு நிற்பவருக்கு ஆபத்து நிச்சயம். மூன்று வயதுக் குழந்தையை ஏமாற்றி உட்காரவைத்து ரெட்டினோஸ்கோப்பில் பவர் பார்ப்பது, கூம்பிப்போன கருவிழிக்குப் பொருந்தும் கான்டாக்ட் லென்ஸ் கொடுப்பது, பார்வை பெரும்பாலும் போனவருக்கு மிச்சப் பார்வையை வைத்துப் படிக்கக் கற்றுத்தருவது — இவை வேறு ரகம். மகள் அந்தப் பக்கம் போகட்டும். ஆரம்பச் சம்பளம் சுமார்தான், அதையும் அவளிடம் இப்போதே சொல்லிவிடுங்கள்.

ஏஐ படிப்பு மோசமில்லை. ஆனால் அதில் பாதி புள்ளியியல், லீனியர் அல்ஜீப்ரா. அதில் மனம் ஒட்டாத பிள்ளையை, பலகையில் உள்ள பிரிவின் பெயருக்காகச் சேர்த்தால் இரண்டாம் வருடமே அரியர் விழும்.

கல்லூரி பார்க்கப் போகும்போது லேப் கட்டடத்தைக் காட்டுவார்கள். அதை விடுங்கள். சொந்தக் கண் மருத்துவமனை இருக்கிறதா, இல்லையென்றால் எதனோடு ஒப்பந்தம். இறுதி ஆண்டு இன்டர்ன்ஷிப்பில் மாணவர் கையாலேயே எத்தனை நோயாளிகளைப் பார்ப்பார். விழித்திரையைப் படமெடுக்கும் ஃபண்டஸ் கேமராவும் அதன் அடுக்குகளைக் காட்டும் ஓசிடி ஸ்கேனும் கண்ணாடி அலமாரிக்குள் இருக்கின்றனவா, பிள்ளைகள் தொடுகிறார்களா என்று கேளுங்கள். 2021-ல் வந்த துணை மருத்துவப் படிப்புகளுக்கான மத்தியச் சட்டத்தில் ஆப்டோமெட்ரியும் அடக்கம். அதனால் அங்கீகாரக் கடிதத்தைக் கண்ணால் பார்க்காமல் பணம் கட்டாதீர்கள். சேர்க்கை விதிகளை இந்த ஆண்டு அறிவிப்பிலேயே படித்துக்கொள்ளுங்கள், போன வருடம் சேர்ந்தவர் சொன்னதை நம்பி இருக்க வேண்டாம்.