குறுகிய காலமே நடித்தும் மறக்க முடியாத ஜெர்மன் நடிகை யார்?

அதிகம் அறியப்படாத, சில ஆண்டுகளே திரையில் இருந்த ஒருவரைக் கேட்டிருக்கிறீர்கள். என் விடை ஹெர்ட்டா டீலே. 1908இல் லைப்சிக்கில் பிறந்து, அந்நகர நாடக மேடையிலிருந்து திரைக்கு வந்த அவர், பெயர் சொல்லும் வேடங்களில் நடித்ததெல்லாம் 1931க்கும் 1934க்கும் இடையில்தான்.

லியோன்டீனே சாகன் இயக்கிய 'மேட்ஷென் இன் யூனிஃபார்ம்' (1931) ஜெர்மனியின் பிரஷ்யப் பகுதிக்கே உரிய ராணுவக் கண்டிப்பு மிகுந்த ஒரு பெண்கள் விடுதிப் பள்ளியில் நிகழ்கிறது. அதில் தாயை இழந்த பதினான்கு வயது மானுவேலாவாக டீலே வருகிறார். அவள் உயிராய் நேசிக்கும் ஆசிரியையாக நடித்த டொரோதியா வீக்கும் அவரும் ஒரே ஆண்டில் பிறந்தவர்கள் என்றால், படம் பார்த்தவர்கள் நம்புவது கடினம்.

எல்லோரும் இந்தப் படத்தோடு நிறுத்திவிடுகிறார்கள். எனக்கோ அடுத்த ஆண்டு வந்த 'கூலே வாம்பே'தான் அவருடைய பெரிய சாதனை. நாடகாசிரியர் பெர்டோல்ட் பிரெக்ட்டும் எழுத்தாளர் எர்ன்ஸ்ட் ஓட்வால்ட்டும் கதை எழுத, ஸ்லாத்தன் டூடோவ் இயக்கிய அப்படத்தில், வேலையற்றோர் நிறைந்த பெர்லினில் ஆலைக்குச் சென்று சம்பாதிக்கும் ஆன்னியாக அவர் நடித்தார். வேலை கிடைக்காத தம்பி, கைக்கடிகாரத்தைக் கழற்றிப் பத்திரமாக வைத்துவிட்டு ஜன்னலிலிருந்து குதிக்கிறான். வாடகை கட்ட வழியில்லாத குடும்பம் வீட்டை இழக்கிறது. அதைத் தடுக்க ஆன்னி அலுவலகம் அலுவலகமாக ஏறி இறங்குகிறாள். அவள் கண்ணீர் விட்டு நம் இரக்கத்தைக் கேட்பதில்லை. கருவுற்றபின் தெருவில் அவள் கண்ணில் படுவதெல்லாம் குழந்தைகளும் குழந்தைப் பொருள்களின் விளம்பரங்களுமாக இருக்கும்போதும், அந்த முகத்தில் மிகையான ஒரு அசைவுகூட இல்லை. இந்த அடக்கத்தை அன்றைய ஜெர்மன் சினிமாவில் வேறெவரிடமும் நான் கண்டதில்லை.

'கூலே வாம்பே'வுக்குத் தணிக்கைத் துறை முதலில் தடை விதித்து, சில வெட்டுகளுக்குப் பிறகே 1932 மே மாத இறுதியில் பெர்லினில் திரையிட விட்டது. மறு ஆண்டே நாஜிகள் ஆட்சிக்கு வந்தனர். அவர்களோடு ஒத்துப்போக டீலே மறுத்ததால் வாய்ப்புகள் அடைபட்டன. 1936இல் நடிக்கும் உரிமையே பறிபோக, 1937இல் சுவிட்சர்லாந்துக்குப் புலம்பெயர்ந்தார். அங்கே மனநல மருத்துவமனையில் செவிலி உதவியாளராகவும் பணிபுரிந்தார். திறமை குன்றியதாலோ ரசிகர்கள் கைவிட்டதாலோ முடிந்த திரைவாழ்வு அன்று அது.

1966இல் கிழக்கு ஜெர்மனிக்குத் திரும்பித் தொலைக்காட்சியில் நடித்தார். 1984இல் பெர்லினில் காலமானார். அவரைப் பார்க்க விரும்புவோர் 'கூலே வாம்பே'யில் தொடங்குங்கள். பிறகு மானுவேலாவைப் பாருங்கள்.