மாறுதல் ஆணை வந்துவிட்டது. பிள்ளையை விட்டு எப்படிப் போவது?

கேள்வி: குடியாத்தத்தில் ஓர் அரசு அலுவலகத்தில் உதவியாளராக இருக்கிறேன். ‘நிர்வாக நலன் கருதி’ என்று ராமநாதபுரத்துக்கு மாற்றிச் சென்னைத் தலைமை அலுவலகத்திலிருந்து ஆணை வந்திருக்கிறது. மூளை முடக்குவாதம் உள்ள என் எட்டு வயது மகனுக்கு வேலூரில் வாரம் மூன்று நாள் இயன்முறை சிகிச்சை நடக்கிறது. கணவர் ஆம்பூரில் தோல் தொழிற்சாலையில் ஷிஃப்ட் வேலை பார்க்கிறார். மருத்துவ விடுப்பு போட்டுவிட்டு, சத்துவாச்சாரி நீதிமன்றத்தில் வழக்குப் போடலாமா?

பதில்: சகோதரி, முதலில் மருத்துவ விடுப்பு யோசனையை விட்டுவிடுங்கள். சிகிச்சையில் இருப்பவன் உங்கள் மகன். உங்களுக்கு நோய் என்று சான்றிதழ் வாங்கினால், உண்மையான காரணத்தின் மீதும் சந்தேகம் விழுந்துவிடும். குஜராத் மின்வாரிய ஊழியர் ஒருவர் மாறுதலை எதிர்த்து மனு கொடுத்துவிட்டுப் புதிய இடத்தில் சேராமலே இருந்தார், வேலை போயிற்று. தடை உத்தரவோ ரத்தோ இல்லாதவரை ஆணைக்குக் கீழ்ப்படிந்தே ஆகவேண்டும் என்று 1989-இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

குடும்பக் கஷ்டம் ஒன்றை மட்டும் காட்டி மாறுதலை ரத்து செய்ய நீதிமன்றங்கள் பெரும்பாலும் முன்வருவதில்லை. சட்டபூர்வ விதி மீறப்பட்டிருந்தாலோ, உள்நோக்கம் இருந்தாலோதான் தலையிடலாம் என்பது 1991-இல் ஷில்பி போஸ் வழக்கில் வந்த தீர்ப்பு. மொட்டைக் கடிதத்தை நம்பித் தண்டனைக்குப் பதிலாக மாற்றியதை 2008-இல் சோமேஷ் திவாரி வழக்கில் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. உங்கள் மீது ஏதேனும் புகார் போயிருக்கிறதா என்று யோசித்துப் பாருங்கள். சந்தேகம் இருந்தால் கோப்புக் குறிப்புகளைத் தகவல் உரிமைச் சட்டப்படி கேளுங்கள். கட்டணம் 10 ரூபாய், கெடு 30 நாள்.

ஆகவே உங்கள் பலம் முறையீட்டு மனுவில்தான் இருக்கிறது. ஆணை பிறப்பித்த அதிகாரிக்கு, அலுவலகத் தலைவர் வழியாக எழுதுங்கள். முன்நகல் ஒன்றை நேரடியாகவும் அனுப்புங்கள். ஒன்றரைப் பக்கம் போதும். மகனின் மாற்றுத்திறனாளி தனித்துவ அடையாள அட்டை, சிகிச்சை இடையில் நின்றால் என்ன பாதிப்பு வரும் என்று மருத்துவர் தெளிவாக எழுதிய கடிதம், கணவரின் ஷிஃப்ட் நேரத்துக்கு நிறுவனம் தரும் சான்று ஆகியவற்றை இணையுங்கள். கணவரின் வேலையைத் தனிக் காரணமாக வைக்காதீர்கள். பிள்ளையை அழைத்துச் செல்ல வேறு ஆள் இல்லை என்பதற்கு மட்டும் அது சாட்சி.

பலரும் ‘ரத்து செய்க’ என்ற ஒரே கோரிக்கையோடு நிறுத்திவிடுகிறார்கள். உங்கள் நாற்காலிக்கு ஏற்கெனவே வேறொருவரைப் போட்டிருந்தால், அதிகாரி நினைத்தாலும் ரத்து செய்வது கடினம். காலியிடத்தைக் கேட்டால் கொடுக்க அவருக்கு வழி இருக்கிறது. வேலூர், ராணிப்பேட்டை, திருப்பத்தூர் மாவட்டங்களில் உங்கள் பதவிக்கு எந்தெந்த அலுவலகத்தில் இடம் காலி என்று விசாரித்து, பெயரோடு குறிப்பிடுங்கள். அவை இல்லையென்றால் திருவண்ணாமலை. அதுவும் இல்லையென்றால், கல்வியாண்டு முடியும்வரை அவகாசம். மாற்றுத்திறன் குழந்தையைப் பராமரிக்கும் ஊழியருக்குச் சுழற்சி மாறுதலிலிருந்து விலக்குத் தரலாம் என்று மத்திய அரசு 2014-இல் வெளியிட்ட அறிவுரை மாநில ஊழியரைக் கட்டுப்படுத்தாது. ஆனாலும் முன்மாதிரியாகக் காட்டலாம். மாறுதல் கொள்கை வகுக்கும்போது குடும்ப வாழ்வையும் மாற்றுத்திறனாளிகளின் தேவையையும் அரசு எண்ணிப் பார்க்க வேண்டும் என்று 2022-இல் நௌஷாத் ரஹ்மான் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதையும் ஒரு வரியில் சேருங்கள்.

அரசியல்வாதியின் சிபாரிசுக் கடிதம் மட்டும் வேண்டாம். தமிழ்நாடு அரசு ஊழியர்களுக்கான 1973-ஆம் ஆண்டு நடத்தை விதிகளின்படி அதுவே குற்றமாகிவிடும்.

சத்துவாச்சாரியில் இந்த வழக்கு நிற்காது. சென்னை உயர் நீதிமன்றத்தில் அரசியலமைப்பின் 226-ஆவது பிரிவின்கீழ் நீதிப்பேராணை (ரிட்) மனு போடவேண்டும். பணியிலிருந்து விடுவிக்கப்படும் முன்பே போவது நல்லது. விடுவித்தபின் தடை கிடைப்பது அரிது. பல வழக்குகளில் கிடைப்பது, ‘மனுவை இத்தனை வாரத்துக்குள் பரிசீலியுங்கள்’ என்ற உத்தரவுதான். அப்போது அதிகாரியின் மேசையில் இருக்கப்போவது நீங்கள் இப்போது எழுதும் மனுதான். தடை கிடைக்காவிட்டால் பணியேற்பு அவகாசத்துக்குள் ராமநாதபுரத்தில் சேர்ந்துவிடுங்கள். சேர்ந்துவிட்டதாலேயே மனு செத்துப்போகாது. பணியேற்புக் கடிதத்திலேயே அது நிலுவையில் இருப்பதைக் குறிப்பிடுங்கள்.

நாளை சிகிச்சைக்குப் போகும்போது, மகனின் கடந்த ஓராண்டு வருகைப் பதிவின் நகலைக் கையெழுத்து, முத்திரையோடு கேட்டு வாங்குங்கள். மனுவைத் தபால் பிரிவில் கொடுக்கும்போது, உங்கள் நகலில் தேதியிட்ட ஒப்புகை பெறாமல் வெளியே வராதீர்கள்.