வைக்கோற்போரிலிருந்து அரூபம் வரை: ஓவிய வரலாறு கேள்வி பதில்

கேள்வி: இம்ப்ரெஷனிசம் (மாறும் ஒளியைத் தீட்டும் பாணி) முற்றிப்போய்த்தான் அரூப ஓவியம் (பொருளின் உருவத்தைக் காட்டாத ஓவியம்) பிறந்ததா?

பதில்: அருங்காட்சியகச் சுவரில் வரிசையாக மாட்டினால் அப்படித்தான் தோன்றும். பிரெஞ்சு இம்ப்ரெஷனிச ஓவியர் மோனே 1890–91இல் வரைந்த வைக்கோற்போர் வரிசைக்கு அரூபம் நோக்கமே அல்ல. வெளிச்சம் மாறியதும் ஒரு கித்தானை ஒதுக்கிவிட்டு அடுத்ததை எடுப்பார்; அவர் துரத்தியது ஒளியை. ஆனால் அதில் ஒன்றை 1896இல் மாஸ்கோவில் பார்த்த, பின்னாளில் ஓவியரான ரஷ்யர் கண்டின்ஸ்கிக்கு, அது வைக்கோற்போர் என்று கண்காட்சிப் பட்டியலைப் பார்த்துத்தான் தெரிந்ததாம். பொருள் புலப்படாமலே படம் மனதைப் பிடித்ததை நினைவுக்குறிப்பில் சொல்கிறார். அக்குறிப்பு வெளியானது 1913இல். அப்போது அவரே அரூப ஓவியர். பழைய நினைவுக்குப் புதிய அர்த்தம் ஏறியிருக்கலாம் என்பதை மறக்காமல் படியுங்கள்.

கேள்வி: டச்சு ஓவியர் மோந்திரியான் மரத்திலிருந்து நேர்க்கோட்டுக்கு எப்படிப் போனார்?

பதில்: நெதர்லாந்தின் டென் ஹாக் கலை அருங்காட்சியகத்திலுள்ள அவரது மூன்று மர ஓவியங்களைப் பக்கம்பக்கமாக வைத்துப் பாருங்கள். ‘சிவப்பு மரம்’ (1908–10): நீலத்தின்மேல் எரியும் சிவப்பு, வான்கோவின் நிழல் தெரியும். ‘சாம்பல் மரம்’ (1911): நிறம் வற்றிவிட்டது, கிளைகளுக்கு இடையே உள்ள வெளியும் கிளையளவு கனமாகத் தீட்டப்பட்டு முன்னுக்கு வருகிறது. இது கியூபிசத்தின் (பொருளைத் துண்டு வடிவங்களாக உடைத்துக் காட்டும் பாணியின்) வேலை. ‘பூத்த ஆப்பிள் மரம்’ (1912): வளைகோடுகள் மட்டும்தான்; தலைப்பை மறைத்தால் மரமென்று சொல்வது கடினம். 1915இல் கடலையும் அலைத்தடுப்புப் பாலத்தையும் வரையும்போது வளைவும் போய், குறுக்கும் நெடுக்குமான சிறு கோடுகளே மிஞ்சுகின்றன. மோனேயிடம் உருவம் ஒளியில் கரைந்தது. இங்கே அது எலும்புக்கூடாகச் சுருங்கியது. இரண்டையும் ஒரே பாதையில் போட்டுக் குழப்பாதீர்கள்.

கேள்வி: முதல் அரூப ஓவியம் எது?

பதில்: பயனில்லாத பந்தயம். கண்டின்ஸ்கியின் நீர்வண்ணம் ஒன்றில் அவர் கையாலேயே 1910 என்று இருக்கிறது. ஆனால் அவர் 1913இல் தீட்டிய ‘ஏழாம் கம்போசிஷன்’ ஓவியத்தின் முன்வரைவுகளோடு அது ஒத்துப்போவதால் ஆய்வாளர் பலர் 1913 என்கிறார்கள். ஓவியர் எழுதிய தேதியை அப்படியே ஏற்காமல் முன்வரைவு, கண்காட்சிப் பட்டியல், கடிதம் என்று ஒப்பிடுவது இதற்குத்தான். ஸ்வீடனின் ஓவியர் ஹில்மா அஃப் கிளிண்ட் 1906லேயே அரூபத்தைத் தொடங்கிவிட்டார். ஆனால் அந்தப் படங்களைப் பெரும்பாலும் பொதுவெளியில் வைக்கவில்லை.

கேள்வி: ‘ஏழாம் கம்போசிஷன்’ கை போன போக்கில் தீட்டியதுதானே?

பதில்: இல்லை. 2 மீட்டர் உயரம், 3 மீட்டர் அகலம். முன்தயாரிப்பு வரைவுகள் மட்டும் 30க்கு மேல். அதன் பிறகுதான் 1913 நவம்பர் இறுதியில் நான்கே நாளில் கண்டின்ஸ்கி தீட்டினார். இடைக்கட்டங்களை அவரது துணையான ஓவியர் கப்ரியேலே முன்ட்டர் புகைப்படம் எடுத்திருக்கிறார். எது முதலில் விழுந்தது என்று அவற்றில் தெரியும்.

கேள்வி: மோனேயின் கடைசிக்கால அல்லிக்குளங்கள் மங்கலானது கண்புரையால்தானா?

பதில்: பாதி உண்மை. அவர் தோட்டத்து ஜப்பானியப் பாலத்தைக் காட்டும் படங்களில் செம்பழுப்பு ஏறியதற்குக் கண்புரையையும் காரணமாகச் சொல்லலாம். அறுவைச் சிகிச்சை நடந்தது 1923இல். ஆனால் கரையும் தொடுவானமும் படத்தைவிட்டு நீங்கியது 1909 கண்காட்சிக்கு முன்பே. கண்புரை கண்டறியப்பட்டதோ 1912இல். அந்தப் பெரிய அல்லிப் படங்களை அரூபத்தின் முன்னோடியாக உயர்த்தியவர்கள் பிந்தைய அமெரிக்கர்கள். நியூயார்க்கின் நவீனக் கலை அருங்காட்சியகம் 1955இல் அவற்றில் ஒன்றை வாங்கியபோது அமெரிக்க அரூப ஓவியர் பொல்லாக் ஏற்கெனவே புகழ்பெற்றிருந்தார்.