பாட்டியின் பெயர் எங்கே?

கேள்வி: என் தந்தை உயில் எழுதாமல் சென்ற ஆண்டு காலமானார். அவர் சுயமாகச் சம்பாதித்த வீடும் 2 ஏக்கர் நிலமும் உள்ளன. தங்கைக்கு 40 பவுன் போட்டுக் கட்டிக் கொடுத்துவிட்டதால், அம்மா, நான், தம்பி ஆகிய மூவர் பெயரில் மட்டும் வாரிசுச் சான்றிதழுக்கு விண்ணப்பித்தோம். தங்கை ஆட்சேபணை கொடுத்து நிறுத்திவிட்டாள். அப்பாவைப் பெற்ற பாட்டியும் இப்போது அவள் வீட்டில்தான் இருக்கிறார். அவள் பெயர் இல்லாமல் சான்றிதழ் வாங்க வழி உண்டா?
— ஒரு வாசகர், சேலம்

பதில்: இல்லை. இருந்தாலும் நான் சொல்லித்தர மாட்டேன்.

தாசில்தார் தரும் வாரிசுச் சான்றிதழ், இறந்தவருக்கு இன்னின்னார் வாரிசுகள் என்று காட்டும் தாள்தான். அது எவருக்கும் பங்கு தருவதுமில்லை, எவருடைய பங்கையும் பறிப்பதுமில்லை. தங்கையை மறைத்து நீங்கள் அதை வாங்கியிருந்தாலும் அவருடைய உரிமை அப்படியே இருந்திருக்கும். பொய்த் தகவல் கொடுத்த குற்றம் மட்டும் உங்கள் கணக்கில் ஏறியிருக்கும். நகை போட்டாயிற்று என்ற வாதத்தை எத்தனையோ அண்ணன்மார் எனக்கு எழுதிவிட்டார்கள். பெண்ணுக்குப் பங்கு என்பது 1989-இலோ 2005-இலோ வந்த புதுச் சட்டம் என்று பலர் நினைக்கிறார்கள். அந்தத் திருத்தங்கள் பூர்வீகக் கூட்டுக் குடும்பச் சொத்தைப் பற்றியவை. இந்துத் தந்தை உயில் எழுதாமல் விட்டுச்சென்ற சுயசம்பாத்தியத்தில் மகளுக்கும் மகனுக்கும் சமபங்கு என்பது 1956-ஆம் ஆண்டின் இந்து வாரிசுரிமைச் சட்டத்திலேயே உள்ளது.

அதை விடுங்கள். கடிதத்தின் கடைசியில், போகிற போக்கில், பாட்டி தங்கையின் வீட்டில் இருப்பதாக எழுதியிருக்கிறீர்களே, அதைத்தான் திரும்பத் திரும்பப் படித்தேன். அந்தச் சட்டத்தின்படி, மகன் இறந்தால் அவனுடைய மனைவி மக்களோடு அவனைப் பெற்றவளும் முதல் வகுப்பு வாரிசு, அதாவது சொத்தில் முதலில் சமபங்கு பெறுபவர்களில் ஒருவர். எனவே பங்குகள் மூன்றல்ல, ஐந்து. உங்கள் பாட்டிக்கு ஐந்தில் ஒன்று. தங்கையின் பெயரை வேண்டுமென்றே விட்டீர்கள், பாட்டியின் பெயரோ உங்கள் நினைவுக்கே வரவில்லை. இரண்டாவதுதான் எனக்குப் பெரிய குற்றமாகப் படுகிறது. உங்களுக்குத் தந்தை போனார் என்றால் அந்த அம்மாளுக்குப் பெற்ற பிள்ளை போயிருக்கிறான். மகன் வாங்கிய வீட்டை விட்டு அவர் ஏன் பேத்தியின் வீட்டுக்குப் போக நேர்ந்தது என்று நீங்கள் எழுதவில்லை. தாமாக விரும்பிப் போனாரா, இங்கே கவனிக்க ஆளில்லாமல் போனாரா என்பது உங்களுக்குத் தெரியும். சொத்துக்கு உரிமை கொண்டாடும் பேரன்மார், பாட்டிக்குச் சோறு போடும் கடமையை 40 பவுனோடு சேர்த்துத் தங்கைக்குச் சீராகக் கொடுத்து அனுப்பினீர்களா?

சட்டம் இதையும் விட்டுவைக்கவில்லை. மூத்த குடிமக்கள் பராமரிப்புக்கான 2007-ஆம் ஆண்டுச் சட்டப்படி, வயது வந்த பேரன்மீதும் பாட்டி ஜீவனாம்சம் கேட்கலாம். தமக்கு வரும் பங்கை அவர் யாருக்கு வேண்டுமானாலும் உயில் எழுதலாம். தம்மைப் பார்த்துக்கொள்ளும் பேத்திக்கே எழுதினாலும் நீங்கள் தடுக்க முடியாது. எழுதாமல் காலமானால், அந்தப் பங்கில் உங்கள் அப்பாவின் உடன்பிறந்தவர்களும் வந்து சேருவார்கள். அப்போது ஒரு பத்திரத்துக்குக் கையெழுத்து வாங்க ஊர் ஊராக அலைவீர்கள்.

தகராறு தொடர்ந்தால் தாசில்தார் உங்களை உரிமையியல் நீதிமன்றத்துக்குத்தான் அனுப்புவார். பாகப்பிரிவினை வழக்கு அங்கே ஆண்டுக்கணக்கில் நடக்கும். ஆகவே பழைய விண்ணப்பத்தைத் திரும்பப் பெற்று, ஐந்து பேரையும் குறிப்பிட்டுப் புதிதாக விண்ணப்பியுங்கள். தங்கையோ பாட்டியோ மனமுவந்து பங்கை விட்டுக்கொடுத்தால், அதைப் பதிவு செய்த விடுதலைப் பத்திரமாக வாங்க வேண்டும். வெள்ளைத்தாளில் வாங்கும் கையெழுத்து செல்லாது. ஆனால் பாட்டியின் சாப்பாட்டுக்கும் மருந்துக்கும் இதுவரை தங்கைக்கு ஆன செலவில் உங்கள் பங்கையும் தம்பியின் பங்கையும் கொடுத்து முடிக்கும் வரை, அந்தப் பேச்சை எடுக்காதீர்கள்.