பென்ஷன் ஏன் லேட் ஆகுது, ஏன் திடீர்னு குறையுது? எஸ்எம்எஸ்ஸ விடுங்க, ஸ்லிப்ப எடுங்க

கேள்வி: எங்க அப்பா ரிட்டயர்டு கவர்மெண்ட் ஸ்கூல் வாத்தியார், தமிழ்நாடு. போன மாசம் பென்ஷன் வரவே இல்ல. இந்த மாசம் வந்திருக்கு, ஆனா வழக்கமா வர்றத விட ரெண்டாயிரத்துச் சொச்சம் கம்மி. ஆபீஸ்ல கேட்டா "வரும் சார், பாப்போம்"னு சொல்றாங்க. கவர்மெண்ட்ல காசு இல்லையா, இல்ல யாராச்சும் கோளாறு பண்றாங்களா?

பதில்:

காசு இல்லாம நின்னுருக்க வாய்ப்பு ரொம்ப கம்மிங்க. எங்க வீட்ல அப்பா பென்ஷன் பதினெட்டு வருஷம், அதுக்கப்புறம் இப்ப அம்மாவோட ஃபேமிலி பென்ஷன், இத்தனை வருஷத்துல மூணு தடவ நின்னுருக்கு, நாலஞ்சு தடவ குறைஞ்சிருக்கு, ஒரு தடவ கூட கஜானா காலின்னு நின்னதில்ல. எல்லாமே ஏதோ ஒரு காகிதம், ஒரு தேதி, ஒரு எழுத்து. அதுல ஒண்ணு நாங்களே பண்ண தப்பு, அதையும் கீழ சொல்றேன்.

நிஜமாவே காசுப் பிரச்சனைல தள்ளிப் போன ஊரும் இருக்கு, இல்லன்னு சொல்லல. ஹிமாச்சல்ல 2024 செப்டம்பர்ல சம்பளத்த 5ஆம் தேதியும் பென்ஷன 10ஆம் தேதியும்தான் போட்டாங்க, முதலமைச்சரே சட்டசபைல எந்திரிச்சு, டெல்லிலேர்ந்து பணம் வர்ற தேதிக்கு ஏத்த மாதிரி தள்ளி வச்சா கடன் வட்டில மாசம் 3 கோடி மிச்சம்னு கணக்கு சொன்னாரு. கேரளாலயும் 2024 மார்ச்ல சம்பளம் பென்ஷன் எல்லாம் இழுத்துச்சு, டிரஷரில ஒரு நாளைக்கு 50,000க்கு மேல எடுக்க முடியாதுன்னு வச்சாங்க. ஆனா அப்படி நடந்தா மாநிலம் முழுக்க எல்லாருக்கும் நடக்கும், நியூஸ்ல வரும். பக்கத்து வீட்டு சாருக்கு வந்து உங்க அப்பாவுக்கு மட்டும் வரலன்னா அது கஜானா சமாச்சாரம் இல்ல, உங்க அப்பா ஃபைல் சமாச்சாரம்.

இன்னொண்ணு, மார்ச் மாச பென்ஷன் மார்ச்ல வராது. மத்த மாசமெல்லாம் மாசக் கடைசில விழும், மார்ச் மட்டும் நிதியாண்டு கணக்குக்காக ஏப்ரல்லதான் விழும், ஏப்ரல் 1 பேங்க் கணக்கு முடிக்கிற நாள், நடுவுல ஒரு ஞாயித்துக்கிழமை வேற வந்துட்டா இன்னும் தள்ளும். இது வருஷா வருஷம் நடக்குது, வருஷா வருஷம் அப்பா 31ஆம் தேதி சாயங்காலம் பாஸ்புக்க எடுத்துக்கிட்டு கிளம்புவாரு. ஹெட்மாஸ்டரா இருந்த மனுஷன், சொன்னா கேக்க மாட்டாரு.

சரி, உங்க விஷயத்துக்கு வருவோம். ஒரு மாசம் மொத்தமா வரலன்னா நான் முதல்ல சந்தேகப்படுறது மஸ்டரிங். அதாங்க நேர்காணல், உயிரோட இருக்கோம்னு வருஷத்துக்கு ஒரு தடவ காட்டுறது. முன்னாடி எல்லாருக்கும் ஏப்ரல்லேர்ந்து ஜூனுக்குள்ள இருந்துச்சு, கொரோனா வந்து ரெண்டு வருஷம் வேண்டாம்னு விட்டாங்க, 2022ல ஜூலை டு செப்டம்பர் ஆச்சு, அப்புறம் அவங்கவங்க ரிட்டயர் ஆன மாசத்துல பண்ணணும்னு மாத்திட்டாங்க. இதுலதான் நிறைய பேர் கோட்டை விடுறது, ஏன்னா ஊர்ல எல்லாரும் ஒரே சமயத்துல போனப்ப ஒருத்தர் ஒருத்தரப் பாத்து ஞாபகம் வந்துச்சு, இப்ப உங்க அப்பா மாசம் அவருக்கு மட்டும்தான் தெரியணும். விட்டுட்டா பென்ஷன் நின்னுடும், ஆனா பயப்படாதீங்க, நின்ன பணம் எங்கயும் போகாது, மஸ்டரிங் முடிச்சதும் அரியர்ஸா சேந்து வரும்.

மஸ்டரிங்குக்குப் போனாலும் சிலருக்கு அவ்வளவு லேசுல முடியாது. எங்கம்மாவுக்கு கைரேகை விழாது. அம்பது வருஷம் புளி கரைச்சு பாத்திரம் தேச்ச விரல், ரேகையெல்லாம் வழவழன்னு போயிடுச்சு. அந்த மெஷின்ல வைப்பாங்க, சிவப்பு லைட்டு. மறுபடி வைப்பாங்க, சிவப்பு. அங்க இருந்த பொண்ணு "விரல தலைமுடில நல்லா தேச்சுட்டு வைங்கம்மா, எண்ணெப் பசை பட்டா எடுக்கும்"னு சொல்லிச்சு, அம்மா காலைலதான் தலைக்கு குளிச்சிருந்தாங்க, எண்ணெய்க்கு எங்க போறது, அந்தப் பொண்ணு தன் தலைலேர்ந்தே கொஞ்சம் தொட்டு அம்மா விரல்ல தடவி விட்டுச்சு. பச்சை லைட்டு வந்துச்சு! அரசாங்க ஆபீஸப் பத்தி எவ்வளவு வேணா குறை சொல்லுவேன், அந்தப் பொண்ண மட்டும் சொல்ல மாட்டேன். இப்ப ஜீவன் பிரமான்ல, அதாவது மத்திய அரசோட டிஜிட்டல் உயிர்ச்சான்றுல, மொபைல்லயே முகத்தக் காட்டி பண்ண வசதி இருக்கு, நடக்க முடியாதவங்களுக்கு போஸ்ட்மேன் வீட்டுக்கே வந்து 70 ரூபாய்க்கு பண்ணிக் குடுக்குறாரு. நாங்க இப்ப அதுதான்.

உயிர்ச்சான்று விஷயத்துல நம்ம மேல தப்பே இல்லாம கூட நிக்கும். 2022ல ராணுவ பென்ஷன் ஆளுங்கள பேங்குகள்ட்டேர்ந்து ஸ்பர்ஷ்னு ஒரு புது சிஸ்டத்துக்கு மாத்துனாங்க, அந்த ஏப்ரல் மாசம் கிட்டத்தட்ட 58,000 பேருக்கு பென்ஷன் விழல, காரணம் அவங்களோட வருஷாந்திர அடையாள விவரம் பழைய இடத்துலேர்ந்து புது இடத்துக்கு வந்து சேரல, அவ்வளவுதான். பெரிய சத்தமாகி அப்புறம் ஒரு தடவைக்கு சலுகை குடுத்து மே முதல் வாரத்துல போட்டாங்க. அதே மாதிரி பேங்க் இணைப்பு. சிண்டிகேட் பேங்க் கனராவோட சேந்து ஐஎஃப்எஸ்சி கோடு மாறுனது ஞாபகம் இருக்கும். உங்க அக்கவுண்ட் கேஒய்சி (அடையாளச் சரிபார்ப்பு) இல்லாம முடங்கியிருந்தாலும் டிரஷரி அனுப்புன பணம் திரும்பிப் போயிடும், அவங்க கணக்குல "அனுப்பியாச்சு", உங்க கணக்குல "வரல", ரெண்டு பேரும் உண்மைதான் பேசுவீங்க.

இப்ப குறைஞ்சதுக்கு வர்றேன். முக்காவாசி கேஸ்ல குறையவே இல்ல, முந்தின மாசம் அதிகமா வந்திருக்கும், அதப் பாத்து பழகிட்டு இத குறைவுன்னு நினைப்போம். டிஏ, அதாவது அகவிலைப்படி, அப்படித்தான். ஜனவரிக்கு ஒண்ணு ஜூலைக்கு ஒண்ணு, ஆனா அறிவிக்கிறது எப்பவும் பின்னாடிதான், உதாரணமா 2025 ஜூலைலேர்ந்து மத்திய அரசு 55 சதவீதத்த 58 ஆக்குனத அறிவிச்சது அக்டோபர் 1ஆம் தேதி. அப்ப மூணு மாச பாக்கியும் ஒண்ணா சேந்து ஒரு மாசம் குண்டா வரும், அடுத்த மாசம் இளைச்சிடும். (அந்த பாக்கியும் எப்பவும் வரும்னு சொல்ல முடியாது, கொரோனா சமயத்துல 17 சதவீதத்துலயே உறைய வச்சு, தமிழ்நாட்ல 2022 ஜனவரிலதான் 31 ஆக்குனாங்க, நடுவுல போனது போனதுதான். அப்பா அத கடைசி வரைக்கும் சொல்லிச் சொல்லி மாய்ஞ்சாரு.)

நிஜமாவே பிடிச்சிருந்தா ஸ்லிப்ல இருக்கும். பேங்க் எஸ்எம்எஸ் ஒரே ஒரு தொகைய சொல்லும், அத வச்சு ஒண்ணுமே கண்டுபிடிக்க முடியாது. தமிழ்நாடு அரசோட களஞ்சியம் ஆப்ல பென்ஷன் ஸ்லிப் வரும், அத எடுத்து ஒவ்வொரு வரியா பாருங்க. ஹெல்த் இன்சூரன்ஸ் பிடித்தம் 2022 ஜூலைல 350லேர்ந்து 497 ஆச்சு, இந்த மாதிரி சின்னச் சின்ன மாத்தம் இருக்கும். வருமான வரி இருக்கான்னு பாருங்க, ஏன்னா 2025-26லேர்ந்து புது முறைல பென்ஷன் வாங்குறவங்களுக்கு வருஷம் 12.75 லட்சம் வரைக்கும் வரியே இல்ல, வாத்தியார் பென்ஷன் அவ்வளவுக்குப் போகாது, அப்படியும் வரி பிடிச்சிருந்தா பழைய முறைன்னு எங்கயோ குறிச்சு வச்சிருக்காங்கன்னு அர்த்தம். ரெகவரின்னு, அதாவது அதிகமா குடுத்தத திருப்பிப் பிடிக்கிறதுன்னு, ஸ்லிப்ல ஒரு லைன் இருந்தா அதுதான் கேக்க வேண்டியது, எதுக்கு, எத்தனை மாசத்துக்குன்னு எழுதியே கேளுங்க.

கம்யூட்டேஷன் ஒண்ணு இருக்கு, அது குறைக்கிறது இல்ல, ஏத்துறது, ஆனா யாரும் கவனிக்கிறதில்ல. ரிட்டயர் ஆகும்போது பென்ஷன்ல மூணுல ஒரு பங்க வித்து மொத்தமா காசு வாங்கியிருப்பாங்க, வீடு கட்ட, பொண்ணு கல்யாணத்துக்கு. முப்பதாயிரம் பென்ஷன்னா பத்தாயிரம் போய் இருபதுதான் கைக்கு வரும், ஆனா டிஏ மட்டும் முழு முப்பதுக்கும் உண்டு. 15 வருஷம் முடிஞ்சா அந்தப் பத்தாயிரம் திரும்ப வந்துடணும். எங்கப்பா 2004ல ரிட்டயர் ஆனவரு, 2019ல திரும்பணும், தானா வரும்னு உக்காந்திருந்தோம், வரல, ஒரு மனு எழுதிக் குடுத்த பிறகுதான் வந்துச்சு. அதே மாதிரி 80 வயசு ஆனா 20 சதவீதம் கூடும், பிறந்த தேதி பதிவுல சரியா இல்லன்னா கூடாது.

இப்ப எங்க தப்பு. அப்பா 2022 நவம்பர் 9 தவறிட்டாரு. காரியம், சடங்கு, சொந்தக்காரங்கன்னு யாருக்கும் டிரஷரி ஞாபகமே வரல. நவம்பர் கடைசில பென்ஷன் முழுசா விழுந்துச்சு, டிசம்பர்லயும் விழுந்துச்சு. அப்பா ஏடிஎம் கார்டு வீட்லதான் இருந்துச்சு, பின் நம்பர் அம்மாவுக்குத் தெரியும், எடுத்து பந்தல்காரனுக்கும் சமையல்காரருக்கும் குடுத்தோம். திருட்டுன்னு தோணவே இல்ல, அப்பா பணம்தானே. ஜனவரில போய்ச் சொன்னப்ப அங்க இருந்தவர் லெட்ஜர திருப்பிட்டு ரொம்ப மெதுவா கேட்டாரு, "ரெண்டு மாசமா எடுத்திருக்கீங்களே சார்?" எனக்கு தலைய எங்க வச்சுக்கிறதுன்னு தெரியல.

விதி என்னன்னா, இறந்த நாள் வரைக்கும்தான் பென்ஷன், மறுநாள்லேர்ந்து ஃபேமிலி பென்ஷன். அப்பாவுக்கு வயசாகிட்டதால அம்மாவுக்கு நேரா 30 சதவீதக் கணக்குதான், அதாவது அப்பா கடைசி சம்பளத்துல 30, அப்பா வாங்குனது 50. அவருக்கு 38 ஆயிரம் வந்த இடத்துல அம்மாவுக்கு 22,800. அதோட அம்மா பேரு பென்ஷன் புக்ல "லெட்சுமி", ஆதார்ல "லட்சுமி", ஒரே ஒரு கொம்பு! ரெண்டும் ஒரே ஆளுதான்னு சான்றிதழ் வாங்க அலைஞ்சதுல ஆறு வாரம் போச்சு. முதல் பணம் ஏப்ரல்ல வந்துச்சு, ஒரு லட்சத்துக்கு மேல அரியர்ஸ் வரும்னு அம்மா விரல் விட்டு எண்ணி வச்சிருந்தாங்க, நாங்க எடுத்ததுல 64 ஆயிரத்துச் சொச்சத்த கழிச்சுட்டு வந்தது 42 ஆயிரம். அம்மா ஒண்ணும் கேக்கல. பாஸ்புக்க மடிச்சு அப்பா மூக்குக் கண்ணாடி இருந்த டப்பாக்குள்ள வச்சுட்டாங்க.

பிடிச்சது நியாயம்தான், எங்களுக்கு உரிமை இல்லாத பணம். ஆனா ஆபீஸே தப்பா கணக்குப் போட்டு அதிகமா குடுத்துட்டு பல வருஷம் கழிச்சு பிடிக்கிறது வேற கேஸ். சுப்ரீம் கோர்ட் 2014 டிசம்பர்ல ரஃபீக் மசி வழக்குல ரிட்டயர் ஆனவங்ககிட்ட அப்படிப் பிடிக்கக் கூடாதுன்னு சொல்லியிருக்கு, ஆனா அதிகமா வந்தா திருப்பித் தர்றேன்னு கையெழுத்துப் போட்டுக் குடுத்திருந்தா அந்தப் பாதுகாப்பு கிடைக்காம போகலாம்னு 2016ல இன்னொரு தீர்ப்பும் இருக்கு, எதுல கையெழுத்துப் போட்டோம்னு யாருக்கு ஞாபகம் இருக்கு. பேங்க் மூலமா பட்டுவாடா ஆகுற பென்ஷனா இருந்து பேங்கே தாமதம் பண்ணுச்சுன்னா, வருஷத்துக்கு 8 சதவீதம் வட்டி, நீங்க கேக்காமலே போடணும்னு ரிசர்வ் பேங்க் விதி இருக்கு. உங்க அப்பாவுக்கு டிரஷரிலேர்ந்து நேரா வர்றதால அது பொருந்தாது.

பிஎஃப் பென்ஷன் பத்தி கேக்குறவங்களுக்கு ஒரு வார்த்தை: அங்க டிஏவே கிடையாது, உயிர்ச்சான்று நீங்க குடுத்த தேதிலேர்ந்து ஒரு வருஷம், அந்த தேதி தாண்டுனா நிக்கும்.

உங்க அப்பா எந்த மாசம் ரிட்டயர் ஆனாருன்னு முதல்ல பாருங்க, மஸ்டரிங் விட்டுருந்தா அதுதான் நின்னதுக்கு காரணம். நின்ன மாசத்துப் பணம் இந்த மாசத்தோட சேந்து வரலன்னா அது இன்னும் பாக்கி, விடாதீங்க. கடைசி மூணு மாச ஸ்லிப்பயும் பக்கத்துல பக்கத்துல வச்சா அந்த ரெண்டாயிரம் எந்த லைன்ல போச்சுன்னு தெரிஞ்சிடும், அத பிரிண்ட் எடுத்துக்கிட்டு போய்க் கேளுங்க, பேப்பர் கைல இருந்தா "பாப்போம்"னு சொல்ல மாட்டாங்க. மதியச் சாப்பாட்டுக்கு முன்னாடி போங்க. போகும்போது அம்மாவையும் அவங்க ஆதாரையும் கூட்டிட்டுப் போய் பென்ஷன் புக்ல அவங்க பேரு எப்படி எழுதியிருக்குன்னு பாத்துடுங்க, தப்பா இருந்தா அப்பா கையெழுத்துலயே இப்பவே திருத்திடலாம்.