பங்காளி மேல் புகார் எழுதும் முன்

கேள்வி: ஏற்காட்டில் தாத்தா காலத்துக் காப்பித் தோட்டம் மூன்று ஏக்கர், கூட்டுப் பட்டா. இன்னும் பாகம் பிரிக்கவில்லை. சித்தப்பா மகன் ஆள் வைத்து மிளகு முழுவதையும் பறித்துப் போய்விட்டான். திருட்டு, அத்துமீறல் என்று புகார் கொடுத்தேன். ‘சிவில் மேட்டர்’ என்று சொல்லி, புகாரைப் பெற்றுக்கொண்டதற்கான சி.எஸ்.ஆர். ரசீதோடு அனுப்பிவிட்டார்கள்.

பதில்: பாகம் பிரியாத நிலத்தில் ஒவ்வொரு பங்குதாரருக்கும் ஒவ்வொரு சென்ட்டிலும் உரிமை உண்டு. அவர் உள்ளே வந்ததை அத்துமீறல் என்றோ, பறித்ததைத் திருட்டு என்றோ நிரூபிப்பது மிகக் கடினம். உங்கள் பங்குக்கான மகசூல் கணக்கைப் பாகப்பிரிவினை வழக்கிலேயே கேளுங்கள். அடுத்த காய்ப்புக்குள் ரிசீவர், அதாவது வழக்கு முடியும்வரை தோட்டத்தைப் பார்த்துக்கொள்ள கோர்ட் நியமிக்கும் நபர், வேண்டும் என்றும் மனுப் போடலாம்.

அன்று உங்கள் வழியை மறித்தார்களா? அது பி.என்.எஸ். (பழைய இந்திய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதா) 126(2). அரிவாளால் கீறினார்களா? 118(1). நிலத் தகராறு இருப்பதால் மட்டும் இவை குற்றம் இல்லாமல் போய்விடாது. காயம் இருந்தால் அன்றே அரசு மருத்துவமனைக்குப் போய், ஏ.ஆர். காப்பி (மருத்துவமனையின் விபத்துப் பதிவேட்டுக் குறிப்பு) பதிவாகச் செய்யுங்கள். இப்படி நடந்தும் எஃப்.ஐ.ஆர். போடவில்லை என்றால், மாவட்ட எஸ்.பி.க்குப் பதிவுத் தபாலில் எழுதுங்கள். அங்கும் நடக்காவிட்டால், பிரமாணப் பத்திரத்தோடு பி.என்.எஸ்.எஸ். (புதிய குற்ற நடைமுறைச் சட்டம்) 175(3)-இன் கீழ் மாஜிஸ்திரேட்டிடம் போகலாம்.

நீங்கள் அனுப்பிய புகார் நகலில் நான்காவது வரி என்னைக் கவலைப்பட வைத்தது: “ரெண்டு வருஷமா அவனேதான் தோட்டத்தை ஆண்டு வர்றான், கணக்கே காட்டுறதில்ல.” வயிற்றெரிச்சலில் எழுதியது, புரிகிறது. ஆனால் நாளை சிவில் கோர்ட்டில் எதிர்த்தரப்பு வக்கீல் முதலில் எடுத்து நீட்டுவது இந்த வரியைத்தான். அனுபவம், அதாவது நிலம் கைவசம் இருப்பது, அவரிடம் என்று நீங்களே கையெழுத்துப் போட்டுக் கொடுத்தது போல் ஆகிவிடும். ஸ்டேஷனில் கொடுத்த காகிதம் ஸ்டேஷனோடு நின்றுவிடாது. எந்தத் தேதி, எத்தனை மணி, யார், என்ன செய்தார், யார் பார்த்தார்கள் என்பதை மட்டும் எழுதுங்கள். தாத்தா கதை வேண்டாம்.

கேள்வி: என்னை விட்டுவிட்டு வாரிசுச் சான்றிதழ் வாங்கி, அண்ணன் வாழப்பாடி பாக்குத் தோப்பை விற்றுவிட்டார். அப்பா உயில் எழுதவில்லை. போலிப் பத்திரம் என்று வழக்குப் போடலாமா? எனக்குக் கல்யாணமாகி 30 வருடமாகிறது.

பதில்: சகோதரி, கல்யாணமானதால் உங்கள் பங்கு போகவில்லை. அப்பாவின் சுயசம்பாத்தியம் என்றால் மகளும் வாரிசு. பூர்வீகச் சொத்து என்றால் இந்து வாரிசுரிமைச் சட்டத்தின் 2005 திருத்தமும், 2020-இல் வந்த உச்ச நீதிமன்றத்தின் வினீதா சர்மா தீர்ப்பும் உங்கள் பக்கம் நிற்கின்றன.

‘போலிப் பத்திரம்’ என்ற சொல்லில்தான் பலரும் இடறுகிறார்கள். முழு நிலமும் தன்னுடையது என்று பொய் சொல்லி அண்ணன் தன் பெயரிலேயே கையெழுத்துப் போட்டிருந்தால், அது போலி ஆவணம் ஆகாது என்று முகமது இப்ராஹிம் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2009-இலேயே சொல்லிவிட்டது. ஏமாந்தவர் வாங்கியவர், மோசடி என்று புகார் தர வேண்டியவரும் அவரே. உங்கள் பங்கை அந்தக் கிரயம் கட்டுப்படுத்தாது என்று அறிவிக்கக் கேட்டு, பாகப்பிரிவினை வழக்குப் போடுங்கள். வாரிசுச் சான்றிதழை ரத்து செய்ய வருவாய்த் துறையிடம் தனியாக மனுக் கொடுங்கள்.

ஆனால் உங்கள் பெயரில் வேறொரு பெண் நின்று விடுதலைப் பத்திரத்தில் (பங்கை விட்டுக்கொடுக்கும் பத்திரம்) ரேகை வைத்திருந்தால் கதையே வேறு. அது ஆள்மாறாட்டம், போலி ஆவணம் இரண்டும் சேர்ந்த குற்றம். சார்பதிவாளர் அலுவலகத்தில் ரேகைப் பதிவேடு இருக்கிறது. நிபுணர் ஒப்பிட்டால் உண்மை வெளியே வரும். முதலில் வில்லங்கச் சான்று போட்டுப் பார்த்து, பத்திரங்களின் சான்றிட்ட நகலை வாங்குங்கள். 2024 ஜூலை 1-க்கு முன் நடந்த குற்றத்துக்குப் பழைய இந்திய தண்டனைச் சட்டம்தான் பொருந்தும்.

கேள்வி: ஸ்டேஷனில் உட்கார வைத்து, ‘வடக்குப் பக்கம் விட்டுத் தர்றேன்னு எழுதிக் கொடு’ என்கிறார்கள்.

பதில்: எழுதிக் கொடுக்காதீர்கள். நிலம் யாருக்கு என்று முடிவு செய்யும் அதிகாரம் போலீஸுக்கு இல்லை. அனுபவத் தகராறில் அடிதடி வரும் நிலை இருந்தால் கோட்டாட்சியர் பி.என்.எஸ்.எஸ். 164-இன் கீழ் விசாரிப்பார். ஸ்டேஷனுக்கு அழைத்தால் போங்கள், மரியாதையாகப் பேசுங்கள், ‘கோர்ட்டில் பார்த்துக்கொள்கிறோம்’ என்று சொல்லிவிட்டு வாருங்கள்.

கேள்வி: ஓமலூர் பக்கம் வரப்புத் தகராறு. அண்ணனும் நானும் மாறி மாறிப் புகார் கொடுத்தோம். இப்போது அம்மா பேசி ராசியாகிவிட்டோம். வாபஸ் வாங்கலாமா?

பதில்: ராசியானதில் எனக்கும் சந்தோஷம். அடித்தது பி.என்.எஸ். 115(2), மிரட்டியது 351(2) என்றால் மாஜிஸ்திரேட் முன்னாலேயே சமாதானமாக முடித்துக்கொள்ளலாம். ஆனால் இரண்டு புகாரிலும் ‘ஆபாசமாகத் திட்டினார்’ என்று ஒரு வரி சேர்த்திருக்கிறீர்கள். அதற்கான 296 சமாதானமாக முடிக்கக்கூடிய பிரிவு அல்ல. அந்த ஒரு வரிக்காக இருவரும் சமரச மனுவோடு சென்னை உயர் நீதிமன்றம் போய், பி.என்.எஸ்.எஸ். 528-இன் கீழ் ரத்து கேட்க வேண்டும். போவதற்கு முன் தாலுகா அலுவலகத்தில் பணம் கட்டி, சர்வேயரை அழைத்து, இருவரும் பக்கத்தில் நின்று கல் நட்டுவிடுங்கள்.