வாசகர் கேள்வி: தும்பை எங்கே போயிற்று?

கேள்வி: அறுவடை முடிந்த வயலில் வெள்ளை விரித்தாற்போல் பூத்துக் கிடந்த தும்பை, இப்போது எங்கள் ஊரில் சிவராத்திரிப் பூசைக்குக்கூடக் கிடைப்பதில்லை. இரண்டு செடிகளை வேரோடு கொண்டுவந்து தொட்டியில் வைத்தேன். இரண்டே மாதத்தில் காய்ந்துவிட்டன. பராமரிப்பில் என்ன தவறு?
— மணப்பாறையிலிருந்து ஒரு வாசகர்

பதில்: தவறு உங்களுடையது அன்று. தும்பை ஓராண்டுச் செடி. மழையில் முளைத்துப் பூத்து, விதை உதிர்த்ததும் வேரோடு காய்ந்துபோவதே அதன் இயல்பு. கோரையைப் போலக் கிழங்கிலிருந்து மீண்டும் துளிர்க்க அதனால் இயலாது என்பதால், அடுத்த பருவத்துக்கு அது விட்டுச்செல்வது விதையை மட்டுமே.

வெள்ளை இதழ் உதிர்ந்த பின் கணுவைச் சுற்றி எஞ்சும் பச்சைக் கிண்ணங்களுள் ஒன்றைப் பிரித்துப் பாருங்கள். அடியில் நான்கு நுண்ணிய விதைகள் ஒட்டியிருக்கும். இதுவும் நாற்சதுரத் தண்டும் துளசிக் குடும்பத்தின் அடையாளங்கள். (நீலம் கலந்த பூ தலைகுனிந்து தொங்கினால் அது கவிழ்தும்பை, பெயரில்தான் உறவு, குடும்பம் வேறு.)

தும்பைக்கு உரிய இடம் அடர்ந்த காடு அன்று. சமவெளியில் வெயில் நேராக விழும் தரிசும், வரப்பும், வண்டிப்பாதை ஓரமும், தாள் நிற்கும் வயலுமே அதன் இருப்பிடம். நிழலும் தேங்கிய நீரும் அதற்கு ஆகா. எதிரெதிர் நின்று பொருதும் போருக்குத் தொல்காப்பியம் தும்பைத் திணை என்றே பெயர் தந்துள்ளது. அத்தகைய பூவை வெறும் களை என்று ஒதுக்குவது எனக்கு வருத்தம் தருகிறது. வடகிழக்குப் பருவமழை ஓய்ந்து அது பூக்கத் தொடங்கும் வேளையில் வரப்பெங்கும் களைக்கொல்லி தெளித்தால், அந்த ஆண்டின் விதை மண்ணில் விழாமலேயே போகிறது. சில ஆண்டுகள் இவ்வாறே தொடர்ந்தால், மண்ணில் கிடந்த பழைய விதையும் தீர்ந்து, மழை பெய்தாலும் முளைக்க ஒன்றும் இராது. சீமைக்கருவேலம் நிழல் பரப்பிய தரிசிலும் தும்பை தலையெடுப்பது கடினம்.

ஆகவே, வரப்பில் ஒரு பகுதியையேனும் கிண்ணங்கள் பழுப்பேறி உலரும்வரை விட்டுவையுங்கள். உலர்ந்தவற்றைக் கசக்கி விதையெடுத்து, ஐப்பசி மழைக்கு முன் வெயில் படும் இடத்தில் மேலாகத் தூவுங்கள். பூசைக்குப் பறிக்கும்போது செடியைப் பிடுங்காமல் வெள்ளை இதழ்க்குழாயை மட்டும் மெல்ல உருவினால், விதையாக வேண்டிய சூலகம் கிண்ணத்துக்குள்ளேயே தங்கிவிடும்.